டச், சூப், ஹவுஸ்

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். முத்தியால்பேட்டையிலிருந்து எழுதுகிறேன். நான் பன்னிரண்டாம் வகுப்பு வரை தமிழ் வழியில் படித்தவள். என் மகன் ஆங்கில வழியில் நான்காம் வகுப்பு படிக்கிறான். சென்ற வாரம் வகுப்பில் பாடம் வாசிக்கும்போது, தொடுவதைக் குறிக்கும் 'டச்' என்ற சொல்லை 'டவுச்' என்று வாசித்திருக்கிறான். எல்லாரும் சிரித்திருக்கிறார்கள். ஆசிரியை அவனை வெளியே நிற்கவைத்து, அந்தச் சொல்லை நூறு முறை எழுதச் சொல்லியிருக்கிறார். வீட்டுக்கு வந்தவன் அழவில்லை. நோட்டைத் திறந்து என்னிடம் கேட்டான்: "ஹவுஸில் ஓ-யூ இருக்கிறது, அது 'அவு'. சூப்பில் ஓ-யூ இருக்கிறது, அது 'ஊ'. டச்சில் ஓ-யூ இருக்கிறது, அது 'அ'. எதை நம்புவது அம்மா?"

எனக்குப் பதில் தெரியவில்லை. பிரெஞ்சுப் பள்ளியில் படித்த என் மாமனார், "எங்கள் பிரெஞ்சில் ஓ-யூ என்றால் ஊதான். ஆங்கிலம் ஒழுங்கில்லாத மொழி" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். இப்போது பாடப் புத்தகத்தில் ஒவ்வொரு ஆங்கிலச் சொல்லுக்கும் கீழே பென்சிலால் தமிழில் உச்சரிப்பை எழுதிக் கொடுக்கிறேன். இது சரியா? வீட்டில் தமிழ் மட்டுமே பேசுவதால்தான் பையனுக்கு இந்தச் சிக்கல் என்று பள்ளியில் சொல்கிறார்கள். அது உண்மையா?

(பெயர் வெளியிட வேண்டாம்.)
ஒரு தாய், புதுச்சேரி

—

அன்புள்ள சகோதரிக்கு,

முதலில் உங்கள் மகன். ஹவுஸ், மவுத், சவுத், கிளவுட் எல்லாம் படித்த ஒரு பிள்ளை, புதிய சொல்லில் ஓ-யூவைக் கண்டதும் 'அவு' என்று வாசித்திருக்கிறான். தான் அறிந்த நாலு சொல்லிலிருந்து ஒரு விதியைத் தானே எடுத்து ஐந்தாவது சொல்லில் பொருத்திப் பார்த்திருக்கிறான். யோசிக்கிற பிள்ளை செய்கிற காரியம் இது. அதற்காக அவனை வெளியே நிறுத்தினார்கள் என்று படித்தபோது எனக்குக் கோபம் வந்தது. இதை எழுதும்போதும் அது தணியவில்லை. முப்பது ஆண்டு ஆங்கிலம் கற்பித்தவன் என்ற உரிமையில் சொல்கிறேன்: நூறு முறை எழுதியதில் அவன் கைக்கு ஐந்து எழுத்து பழகியிருக்கும், அவ்வளவுதான். அவன் கேட்டது அருமையான கேள்வி. அதற்குப் பதில் உண்டு.

1066இல் பிரெஞ்சு பேசிய நார்மானியர் இங்கிலாந்தைக் கைப்பற்றினார்கள். அதற்குப் பின் அங்கே ஏடு எழுதியவர்களில் பலர் பிரெஞ்சு முறையில் எழுதப் பழகியவர்கள். ஊகார ஒலிக்குத் தங்கள் வழக்கப்படி ஓ-யூ போட்டார்கள். வீட்டுக்கு ஆங்கிலேயர் அன்று சொன்ன சொல் 'ஹூஸ்'. ஹூஸுக்கு ஓ-யூ சரியான எழுத்துதானே? உங்கள் பக்கத்துப் பாகூரையும் வில்லியனூரையும் பிரெஞ்சுக்காரர்கள் எழுதிவைத்ததும் இப்படித்தான். ஊர் என்பதற்கு ஓ-யூ-ஆர். ஹவுஸுக்குள் இருப்பது அவர் படித்த அதே பிரெஞ்சு ஓ-யூதான் என்று மாமனாரிடம் சொல்லுங்கள், அவர் மகிழ்வார்.

அப்புறம் ஒலி நகர்ந்தது. ஏறத்தாழ 1400க்கும் 1700க்கும் இடையில் ஆங்கிலத்தின் நெடில்கள் ஒவ்வொன்றாக இடம் பெயர்ந்தன. ஹூஸ், ஹவுஸ் ஆயிற்று. 'மோன்' என்றிருந்தது மூன் ஆயிற்று. மூனில் இரண்டு ஓ நிற்பதற்குக் காரணம் அதுவே. இன்று நேம் என்று சொல்வதை அன்று ஏறக்குறைய 'நாம' என்றார்கள். (நாம் வடமொழியிலிருந்து எடுத்துக்கொண்ட நாமத்துக்கும் அதற்கும் வேர் ஒன்றுதான்.) சொல்லின் கடைசியில் பேசாமல் நிற்கும் ஈ, அன்று வாய்விட்டு ஒலித்த ஈ. அது ஒலியை இழந்தபோதும் முன்னால் உள்ள உயிர் நெடிலாக இருந்தது என்பதற்கு அடையாளமாக நின்றுவிட்டது. கிட் என்பதோடு ஓர் ஈ சேர்ந்தால் கைட், கட் என்பதோடு சேர்ந்தால் க்யூட் என்று பிள்ளைகள் இன்று படிப்பது இந்தப் பழைய அடையாளத்தைத்தான். ஒலி இப்படி நகரத் தொடங்கியிருந்த காலத்தில், 1476இல், வில்லியம் காக்ஸ்டன் வெஸ்ட்மின்ஸ்டரில் அச்சகம் வைத்தார். அச்சில் எழுத்து மெல்ல மெல்ல நிலைத்துவிட்டது. வாய் மட்டும் தன் போக்கில் போய்க்கொண்டே இருந்தது.

டச் என்ற சொல்லும் பிரெஞ்சிலிருந்து வந்ததுதான். ஆனால் நெடில்கள் நகர்வதற்கு முன்பே வந்துவிட்டது. அதன் உயிர் குறில் உகரமாகவும் ஆகிவிட்டது. குறிலானதால் அந்தப் பெயர்ச்சி அதைத் தொடவில்லை. பிறகு 17ஆம் நூற்றாண்டில் தென் இங்கிலாந்தில் குறில் உகரமே அகரம் போன்ற ஒலியாக மாறியபோது டச் அதனோடு போயிற்று. சூப் அந்த நூற்றாண்டில்தான் பிரெஞ்சிலிருந்து வந்து சேர்ந்தது. அதற்குள் ஊகாரத்தின் பெயர்ச்சி நடந்து முடிந்திருந்ததால், வந்த ஒலியோடு அப்படியே தங்கிவிட்டது. ஒரே எழுத்து, மூன்று காலம். மாமனார் சொல்வதுபோல இதை ஒழுங்கின்மை என்று தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை.

'சி-யூ-டி கட் என்றால் பி-யூ-டி ஏன் புட்?' என்று தலைமுறை தலைமுறையாகக் கேட்கிறோமே, அதற்கும் அந்த 17ஆம் நூற்றாண்டு மாற்றமே காரணம். உகரம் அகரமானபோது சில சொற்கள் மட்டும் நகராமல் நின்றுவிட்டன: புட், புல், புஷ், ஃபுல். சொல்லிப் பாருங்கள். எல்லாம் உதட்டில் பிறக்கும் மெய்யில் தொடங்குகின்றன. உகரத்துக்கும் உதடு குவிய வேண்டும் என்பதால் அந்த மெய்கள் அதைப் பிடித்துவைத்துக்கொண்டன. வட இங்கிலாந்தில் இந்த மாற்றமே நடக்கவில்லை. அங்கே இன்றும் பலர் 'கட்' என்பதை 'குட்' என்பதுபோலத்தான் சொல்கிறார்கள். உங்கள் மகன் அங்கே பிறந்திருந்தால் இந்தக் கட்-புட் கேள்வியே எழுந்திருக்காது!

நான் கடலூர்க்காரன். என் ஊர்ப் பெயரின் ஆங்கில வடிவத்தைச் சிறுவயதில் வெறுத்தேன். கடலூரில் யூ எங்கிருந்து வந்தது? ஒரு ட-வுக்கு எதற்கு இரண்டு டி? ஆங்கிலம் கற்பிக்க வந்த பிறகே விளங்கியது. ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனிக்காரர்கள் தேவனாம்பட்டினத்தில் கோட்டையை வாங்கி, செயின்ட் டேவிட் கோட்டை என்று பெயரிட்டு அமர்ந்தது 1690இல். அதற்குள் அவர்கள் நாவில் குறில் யூ அகரமாகியிருந்தது. 'கட' என்று காதில் விழுந்ததற்கு, 'கட்', 'கப்' என்பவற்றில் வரும் யூவைப் போட்டார்கள். கடப்பையையும் இப்படித்தான் எழுதினார்கள். டி ஒன்றாக இருந்தால் ஆங்கிலக் கண் அதை 'க்யூட' என்று வாசித்துவிடும். இரட்டை டி முன்னால் உள்ள உயிரைக் குறிலாகவே காத்து நிற்கிறது. கடைசியில் ஊருக்கு ஓ-ஆர்-ஈ. ஆக, பெண்ணையாற்றுக்குத் தெற்கே எங்கள் ஊர் ஓ-ஆர்-ஈ, வடக்கே உங்கள் பாகூர் ஓ-யூ-ஆர். அடுத்த முறை கடலூர் பஸ்ஸில் வரும்போது ஜன்னலோரம் அவனை உட்காரவைத்துப் பெயர்ப்பலகைகளை வாசிக்கச் சொல்லுங்கள்.

இரட்டை மெய்யைப் பற்றி ஒன்று சொல்லியே ஆக வேண்டும். பல ஆண்டுகளுக்கு முன் மஞ்சக்குப்பத்தில் பத்தாம் வகுப்புக்கு ஸ்விம், ஸ்விம்மிங்; ட்ரீம், ட்ரீமிங் என்று கரும்பலகையில் எழுதிக்கொண்டிருந்தேன். ஒன்றில் எம் இரட்டிக்கிறது, மற்றொன்றில் இல்லை, ஏன் என்று கேட்டேன். மூன்றாம் பெஞ்சிலிருந்து ஒரு பெண் எழுந்து, "ஐயா, இது கல்லும் பாலும்தானே?" என்றாள். எனக்குப் புரியவில்லை. அவளே வந்து சாக்பீஸை வாங்கிப் பக்கத்தில் எழுதினாள்: கல் + எறிந்தான் = கல்லெறிந்தான். பால் + ஆடை = பாலாடை. கீழே நன்னூல் சூத்திரம்: 'தனிக்குறில்முன் ஒற்று உயிர்வரின் இரட்டும்.'

நான் அசந்து நின்றுவிட்டேன். ஸ்விம் தனிக்குறில், அதன் பின் இங் என்று உயிர் வருகிறது, ஒற்று இரட்டிக்கிறது. ட்ரீம் நெடில், இரட்டவில்லை. ரன்னிங், கட்டிங் கல்லோடு சேரும். க்ளீனிங், ரீடிங் பாலோடு சேரும். ஓப்பன் என்பதிலிருந்து வரும் ஓப்பனிங் நம் 'அவனில்லை' போல. தனிக்குறில் இல்லாததால் இரட்டவில்லை. பிகின்னிங் போன்ற சில மட்டும் விலகும், அங்கே அழுத்தம் கடைசி அசையில் விழுவதால். தமிழில் நிஜமாகவே ஒலி இரட்டிக்கிறது, ஆங்கிலத்தில் எழுத்து மட்டும் இரட்டிக்கிறது என்ற வேறுபாடு உண்டு. ஆனாலும் அந்தப் பெண் அதற்குப் பிறகு அந்த இடத்தில் ஒருமுறைகூடப் பிழை செய்யவில்லை. வீட்டில் தமிழ் பேசுவது தடை என்று யார் சொன்னாலும் எனக்கு அவள் கையில் இருந்த சாக்பீஸ் நினைவுக்கு வருகிறது.

பென்சிலால் எழுதிக் கொடுப்பதை நிறுத்திவிடுங்கள். உங்கள் அக்கறை புரிகிறது, ஆனால் அது அவனுக்கு உதவாது. பூனைக்கான ஆங்கிலச் சொல்லைத் தமிழில் 'கேட்' என்று எழுதுகிறோம். வாசல் கதவையும் 'கேட்' என்றுதான் எழுதுகிறோம். பையும் 'பேக்', அடுப்பில் ரொட்டி சுடுவதும் 'பேக்'. பூனையில் வரும் உயிர் ஆவுக்கும் ஏவுக்கும் நடுவே, தாடை நன்றாக இறங்கிப் பிறப்பது. அதற்கு நம்மிடம் எழுத்து இல்லை. பிரிட்டன் உச்சரிப்பில் உயிரொலிகள் 20 என்று பொதுவாகக் கணக்கிடுவார்கள். நம் உயிரெழுத்துகள் 12. இருபதைப் பன்னிரண்டில் அடைத்தால் சில ஒலிகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறத்தான் செய்யும். எழுத்து இல்லையே தவிர, காதுக்கு வேறுபாடு கேட்கும். இரண்டு சொற்களையும் மாற்றி மாற்றிச் சொல்லுங்கள். எது பூனை, எது கதவு என்று அவன் விரலால் காட்டட்டும். ஐந்து நிமிடம் போதும்.

ஒலியை எழுத்து முழுக்கக் காட்டாத நிலைமை நமக்கும் புதிதில்லை. ஓலைச்சுவடியில் புள்ளி வைக்காமல் எழுதும் வழக்கம் இருந்தது. எகரமா ஏகாரமா, ஒகரமா ஓகாரமா என்பதை வாசிப்பவர் பொருளைக் கொண்டு அறிந்துகொண்டார். இன்று அவற்றை வேறுபடுத்தி எழுதும் முறையைத் தந்தவர் வீரமாமுனிவர் (1680–1747). அதற்கு முன் ஏடு படித்த நம் முன்னோர், ஆங்கிலம் படிக்கும் பிள்ளை இன்று செய்வதைத்தான் செய்தார்கள்.

இன்னும் ஒன்று, எனக்கு மிகப் பிடித்தது. உங்கள் மகனைக் கண்ணாடி முன் நிறுத்தி 'குரு' என்று சொல்லச் சொல்லுங்கள். கடைசியில் உதடு குவியும். இப்போது 'காசு'. உதடு குவியாது, உகரம் பாதியிலேயே கரைந்துவிடும். அரை மாத்திரைதான். குற்றியலுகரம் என்று இதற்குப் பெயர் வைத்து, தொல்காப்பியர் காலத்திலேயே வகுத்துவிட்டார்கள். இடத்தைப் பொறுத்து ஓர் உயிர் தன் அளவில் குன்றும் என்பதை நம் பிள்ளைகள் பள்ளிக்குப் போகும் முன்பே வாயால் அறிந்திருக்கிறார்கள்.

ஆங்கிலத்தில் மிக அதிகமாக வரும் உயிரொலியும் இப்படிக் குன்றிய ஒன்றுதான். ஷ்வா என்பார்கள். அதற்கென்று தனி எழுத்து கிடையாது. டீச்சரில் ஈ-ஆர், டாக்டரில் ஓ-ஆர், டாலரில் ஏ-ஆர், பிக்சரில் யூ-ஆர்-ஈ. நாலுக்கும் கடைசியில் ஒரே ஒலி. அழுத்தம் விழாத அசையில் எந்த உயிரெழுத்தும் இப்படிக் கரையலாம். ஃபோட்டோகிராஃப் என்னும்போது அழுத்தம் முதல் அசையில் இருப்பதால் அங்கே ஓகாரம் முழுதாக ஒலிக்கிறது. படம் எடுப்பவரைச் சொல்லும்போது அழுத்தம் இரண்டாம் அசைக்குப் போய்விடுகிறது. முதல் ஓ கரைந்து 'ஃபடாக்ரஃபர்' ஆகிறது. எழுத்து மாறவில்லை. நம் வகுப்பறைகளில் எல்லா அசையையும் சம அழுத்தத்தோடு முழக்கி வாசிக்கப் பழக்குகிறோம். பிள்ளைகளின் ஆங்கிலம் மற்றவர்களுக்குப் புரியாமல் போவதற்கு இது பெரிய காரணம் என்பது என் அனுபவம். காசு என்று சரியாகச் சொல்லத் தெரிந்த பிள்ளைக்கு இதைச் சொல்லிக் கொடுப்பது கடினமே இல்லை.

இனி அந்த நோட்டுப் புத்தகம். நூறு முறை எழுதிய பக்கத்துக்கு அடுத்த பக்கத்தை மூன்று பத்தியாகக் கோடு போடச் சொல்லுங்கள். முதல் பத்தியின் தலையில் ஹவுஸ், இரண்டாவதில் சூப், மூன்றாவதில் டச். இனி ஓ-யூ உள்ள எந்தச் சொல் எதிர்ப்பட்டாலும் முதலில் நீங்கள் இருவரும் அதைக் கேட்க வேண்டும். அகராதி செயலிகள் எல்லாம் சொல்லை வாசித்துக் காட்டுகின்றன. கேட்ட பிறகு எந்தப் பத்தி என்று அவன் முடிவு செய்யட்டும். குரூப் சூப்போடு போகும். டபுள், ட்ரபுள், கப்புள், கஸின், கன்ட்ரி, யங் எல்லாம் டச்சுக்குக் கீழே வந்து சேரும். டச் தனியாக இல்லை, அதற்கு இத்தனை உறவினர் என்று அவன் பார்க்க வேண்டும். மூன்றிலும் சேராத சொற்களையும், ஓ-யூவுக்குப் பின் ஜி-ஹெச் வரும் சொற்களையும் இப்போதைக்கு ஒதுக்கிவையுங்கள். அந்த ஜி-ஹெச் ஒரு காலத்தில் நம் ஆய்தத்துக்குப் பக்கத்தில் வரும் ஒலியாக இருந்தது. அந்தக் கதையைத் தனியாக எழுதுகிறேன். பக்கம் நிரம்பியதும் படம் எடுத்து எனக்கு அனுப்பச் சொல்லுங்கள்.

அன்புடன்,
கடலூரிலிருந்து