என்பிஏ 2கே மைகேரியரில் கல்லூரி ஆட்டங்களை ஜெயிப்பது எப்படி?

என்பிஏ 2கே என்பது ஆண்டுதோறும் புதுப் பதிப்பு வரும் கூடைப்பந்து வீடியோ கேம்; மைகேரியர் அதில் நாமே உருவாக்கிய ஒரு ஆட்டக்காரனை என்பிஏ என்ற அமெரிக்கத் தொழில்முறை லீக் வரை வளர்க்கும் பகுதி. கேள்வியில் நீங்கள் சொல்லியிருப்பது இதுதான்: பாயிண்ட் கார்டு (பந்தைக் கொண்டுவந்து ஆட்டத்தை நடத்தும் ஆள்), திறமை ரேட்டிங் அறுபதைச் சுற்றி, ஒவ்வொரு ஆட்டத்திலும் 25 புள்ளி எடுக்கிறீர்கள், ஆனாலும் கல்லூரி அணி பத்துப் புள்ளி வித்தியாசத்தில் தோற்றுவிடுகிறது. கூட ஆடும் கம்ப்யூட்டர் பையன்கள் ஒன்றுக்கும் உதவாதவர்கள் என்றும் திட்டியிருக்கிறீர்கள்.

அந்த 25 புள்ளிக்கு எத்தனை ஷாட் போட்டீர்கள் என்று ஆட்டம் முடிந்ததும் வரும் பாக்ஸ் ஸ்கோரில் பாருங்கள். 25 ஷாட் போட்டுப் பத்து உள்ளே போயிருந்தால், மிச்சம் பதினைந்து தடவை பந்தை எதிரணி கையில் கொடுத்திருக்கிறீர்கள் என்று வைத்துக்கொள்ளலாம். அந்தப் பதினைந்தில் ஏழெட்டை அவர்கள் போட்டாலே கணக்கு முடிந்தது. கம்ப்யூட்டர் பையன்கள் மேல் தப்பில்லை. அவர்கள் கைக்குப் பந்து வந்தால்தானே?

சென்னையிலிருந்து லீவுக்கு வரும் என் அக்கா மகனும் இதே கட்சி. காரைக்குடி வீட்டில் முகப்பில் இருக்கும் டிவியைப் பிடித்துக்கொள்வான், நாள் முழுக்க மூன்று புள்ளிக் கோட்டில் நின்று எறிந்துகொண்டே இருப்பான். "பக்கத்துல ஆள் சும்மா நிக்கிறான்ல, குடேன்டா" என்றால், "அம்மான், பாஸ் குடுத்தா பாயிண்ட் எனக்கு வராதே" என்கிறான். புள்ளி வராது, சரி. ஆனால் அசிஸ்ட் (கூட்டாளி புள்ளி எடுக்க உதவிய பாஸ்) கணக்கில் வரும், திரையில் டீம்மேட் கிரேடு (அணிக்காக எப்படி ஆடுகிறோம் என்று கேம் எழுத்தில் தரும் மதிப்பெண்) ஏறும், அணியும் ஜெயிக்கும். இந்த கிரேடைப் பலர் கவனிப்பதே இல்லை. அசிஸ்ட், நல்ல ஸ்கிரீன் (காப்பவனின் வழியை மறித்து நிற்பது), ரீபவுண்ட் (தவறிய ஷாட்டைப் பிடிப்பது), நல்ல ஷாட் எல்லாம் அதை ஏற்றும். பந்தைத் தொலைப்பது, ஆள் மறைத்து நிற்கும்போது ஷாட் போடுவது, நம் ஆளை விட்டுவிட்டு வேறு பக்கம் ஓடுவது, பந்து கேட்டு நச்சரிப்பது இவையெல்லாம் இறக்கும். ஆட்டம் முழுக்க அது பி-க்குக் கீழே போகாமல் பார்த்துக்கொண்டால் பெரும்பாலும் ஜெயிக்கிறோம் என்பது என் அனுபவம்.

கல்லூரிக் கட்டத்தில் உங்கள் ஆள் யார் என்பதை மறக்கக் கூடாது. அவன் மூன்று புள்ளி ஷாட்டுக்குப் பேர்போன ஸ்டெஃபன் கரி இல்லை. அறுபது ரேட்டிங்கில் ஷாட் மீட்டரில் (பட்டனை எப்போது விட வேண்டும் என்று காட்டும் அளவுகோல்) பச்சை விழும், அதாவது ஷாட் கச்சிதமாக அமையும் இடைவெளி மிகச் சின்னது. முன்னால் ஒருவன் கையைத் தூக்கினால் அதுவும் சுருங்கிவிடும். இந்த நிலையில் அவனுக்கு நம்பகமாக வருவது மூன்றே விஷயம்: யாரும் மறிக்காத லே-அப் (ரிங்குக்குப் பக்கத்தில் ஓடிப்போய்ப் போடுவது), காலை ஊன்றி நின்று போடும் ஷாட், ஃப்ரீ த்ரோ (ஃபவுலுக்குக் கிடைக்கும் தடையில்லாத ஷாட்). ஓடிக்கொண்டே பின்னால் சாய்ந்து போடுவதெல்லாம் என்பிஏ போய் இரண்டு சீசன் ஆன பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

ஆகவே தாக்குதலில் ஒரே ஒரு வித்தையைக் கற்றுக்கொண்டால் போதும். பிக் அண்ட் ரோல். பந்து கையில் இருக்கும்போது பிளேஸ்டேஷனில் எல்1, எக்ஸ்பாக்ஸில் எல்பி பட்டனை அழுத்திப் பிடித்தால் நெட்டை ஆள் ஒருவன் வந்து உங்களைக் காப்பவனுக்குப் பக்கத்தில் சுவர் மாதிரி நிற்பான். இங்கேதான் எல்லோரும் அவசரப்படுகிறார்கள். அவன் காலை ஊன்றி நிற்கும்வரை பொறுங்கள். அப்புறம் அவன் தோளை உரசுகிற மாதிரி கடந்து போங்கள். இடைவெளி விட்டுப் போனால் காப்பவன் நடுவில் நுழைந்துவிடுவான். கடந்த பிறகு பார்க்க வேண்டியது எதிரணி நெட்டையனை மட்டும்தான். அவன் உங்களை மறிக்க முன்னால் வந்தால் உங்கள் நெட்டையன் ரிங்கை நோக்கித் தனியாக ஓடிக்கொண்டிருப்பான், அவனுக்குக் கொடுங்கள். எதிரணி நெட்டையன் பின்வாங்கினால் நீங்களே போய் லே-அப் போடுங்கள். இரண்டு பேரும் உங்கள் மேல் பாய்ந்தால் கோட்டுக்கு வெளியே யாரோ ஒருவன் காலியாக நிற்கிறான் என்று அர்த்தம். ஆர்1 அல்லது ஆர்பி அழுத்தினால் ஒவ்வொருவர் தலைக்கு மேலும் ஒரு பட்டன் தெரியும், வேண்டியவனின் பட்டனைத் தட்டினால் பந்து அவனுக்கே போகும். வெறும் பாஸ் பட்டனைத் தட்டி, யாருக்குப் போகிறது என்று தெரியாமல் எறிவதால்தான் பாதிப் பந்து தொலைகிறது.

எனக்கு இது சீக்கிரம் பிடிபட்டதற்கு எங்கள் ஊர் மைதானமும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன். பள்ளிக்கூடத்தில் நாங்கள் ஆடியது செம்மண் தரையில். சரளைக்கல் மேல் பட்டால் பந்து எந்தப் பக்கம் எழும்பும் என்று சொல்ல முடியாது. அதனால் தட்டிக்கொண்டே ஓடுகிறவன் எங்களிடம் பிழைக்க முடியாது. இரண்டு தட்டு, உடனே பாஸ். கொடுத்துவிட்டு நிற்காமல் வெட்டி ஓடினால் பந்து திரும்ப வரும். இதையே கன்ட்ரோலரில் செய்யலாம். பாஸ் கொடுத்ததும் ரிங்கை நோக்கி ஓடி, ஒரே ஒரு முறை பந்தைக் கேளுங்கள். வராவிட்டால் வெளியே வந்துவிடுங்கள்.

இப்போது தடுப்பாட்டம். உண்மையில் கல்லூரி ஆட்டம் ஜெயிக்கப்படுவது இங்கேதான். யூடியூபில் இதைப் பற்றி வீடியோ போட்டால் யாரும் பார்க்க மாட்டார்கள் என்பதால் யாரும் போடுவதில்லை. பந்தைப் பறிக்கும் ஸ்டீல் பட்டனை மறந்துவிடுங்கள். கை நீட்டி நீட்டி ஃபவுல்தான் மிஞ்சும். எல்2 அல்லது எல்டி பிடித்துக்கொண்டு, உங்கள் ஆளுக்கும் ரிங்குக்கும் நடுவில் நில்லுங்கள். அவன் ஷாட்டுக்கு எழும்போது வலது ஸ்டிக்கை மேலே தள்ளினால் கை மட்டும் உயரும், கால் தரையில் இருக்கும். பந்தோடு போலியாக எழும்பி ஏமாற்றுகிறவனிடம் குதித்து ஏமாறாமல் இருக்க இது ஒன்றே வழி. பந்து வேறு பக்கம் இருக்கும்போது வேடிக்கை பார்க்கப் போகாதீர்கள். நீங்கள் விட்டுப் போன ஆள்தான் அடுத்த நொடி காலியாக நின்று மூன்று புள்ளி போடுவான்.

ஃபவுல் பற்றிச் சொல்லும்போது விதி வித்தியாசத்தையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் என்பிஏ பார்த்துப் பழகியவர்கள் இதில் தடுமாறுகிறார்கள். அமெரிக்கக் கல்லூரி ஆண்கள் ஆட்டம் 20 நிமிடம் கொண்ட இரண்டு பாதி. என்பிஏ மாதிரி 12 நிமிடக் கால்பகுதி நான்கு இல்லை. ஷாட் கிளாக் (ஒரு அணி ஷாட் போட வேண்டிய கெடு) 30 நொடி, 2015-16 சீசனுக்கு முன்பு 35. என்பிஏவில் 24 நொடிதான். தனி ஆளுக்கு ஐந்து ஃபவுலில் கதை முடிந்தது, என்பிஏவில் ஆறு. ஒரு பாதியில் எதிரணி ஏழாவது ஃபவுல் செய்ததும் ஒன்-அண்ட்-ஒன் வரும்: முதல் ஃப்ரீ த்ரோவைப் போட்டால்தான் இரண்டாவது கிடைக்கும், தவறினால் பந்து ஆட்டத்தில் இருக்கிறது, ரீபவுண்டுக்கு முட்டி மோத வேண்டியதுதான். பத்தாவதிலிருந்து எப்படியும் இரண்டு. இன்னொன்று, தடுப்பவர் ரிங்குக்குக் கீழே மூன்று நொடிக்கு மேல் சும்மா நிற்கக் கூடாது என்ற என்பிஏ விதி கல்லூரியில் கிடையாது. அதனால் உள்ளே ஒரு நெட்டையன் கூடாரம் போட்டுக்கொள்ளலாம், ஜோன் (ஆளுக்கு ஆள் ஒட்டாமல் இடத்தைப் பிரித்துக் காப்பது) கட்டலாம். அப்படி நிற்பவன் மேல் மோதி லே-அப் போடப் போகாதீர்கள், இரண்டு அடி உள்ளே போய் வெளியே பாஸ் கொடுங்கள்.

எந்த ஆண்டு 2கே என்பதைப் பொறுத்து இந்த விதிகள் எவ்வளவு துல்லியமாக வரும் என்பது மாறும். ஷாட் கிளாக்கையும் அணி ஃபவுல் எண்ணிக்கையையும் திரையிலேயே பார்த்துக்கொள்ளுங்கள். எப்படியானாலும் கடைசி இரண்டு நிமிடம் ஒன்றுதான். நான்கைந்து புள்ளி முன்னிலையில் இருந்தால் நடுக்கோட்டைத் தாண்டி நின்று கடிகாரத்தை ஓட விடுங்கள், ஷாட் கிளாக்கில் ஏழெட்டு நொடி மிச்சம் இருக்கும்போது ஸ்கிரீன் கேளுங்கள். பின்தங்கி இருந்தால் மூன்று புள்ளிக்கு ஆசைப்படாமல் சீக்கிரம் இரண்டு போட்டுவிட்டுத் திரும்பி ஓடித் தடுங்கள். ஆறு புள்ளி பின்னால் இருக்கும்போது ஒரே ஷாட்டில் ஆறு வராது. என் அக்கா மகன் இதை இன்னும் ஒப்புக்கொள்ளவில்லை.

விசி (ஆளின் திறன்களை ஏற்றச் செலவழிக்கும் கேமின் காசு) எதில் செலவழிப்பது என்றும் கேட்டிருந்தீர்கள். கார்டு என்றால் முதலில் லே-அப், அப்புறம் பந்தைக் கையாளுதல், பாஸ் துல்லியம், வெளிப்புறத் தடுப்பு. மூன்று புள்ளி அதற்குப் பிறகு. ரேட்டிங் ஏற ஏற ஒவ்வொரு படிக்கும் விலை கூடும், ஆகவே கீழே கிடக்கும் இரண்டு மூன்றை நடுத்தரத்துக்குக் கொண்டுவருவதுதான் மலிவு. கல்லூரி ஆட்டத்துக்காக நிஜப் பணம் கட்டி விசி வாங்குவது வீண். சில ஆட்டங்களில் முடிந்துபோகும் பகுதி அது.

எந்தக் கல்லூரியைத் தேர்ந்தெடுத்தால் சுலபம் என்பதில் எனக்குப் பெரிய நம்பிக்கை இல்லை. 2கே21-ல் யூசிஎல்ஏ, கொன்சாகா, சிரக்யூஸ், மிச்சிகன் ஸ்டேட் உட்படப் பத்து அசல் கல்லூரிகள் இருந்தன. யூசிஎல்ஏ என்றால் பயிற்சியாளர் ஜான் வுடன், 1964-லிருந்து 1975-க்குள் பத்துப் பட்டம். சிரக்யூஸ் என்றால் 2-3 ஜோன் (முன்னால் இருவர், பின்னால் மூவர்), 2003-ல் கார்மெலோ ஆன்டனியோடு வாங்கிய பட்டம். கொன்சாகா 2017-லும் 2021-லும் இறுதி ஆட்டம் வரை வந்து இரண்டு முறையும் தோற்றது. அதனாலேயே நான் அதை எடுத்தேன், திரையிலாவது ஜெயிக்கட்டும் என்று. மற்றபடி ஜெர்சி நிறம் பிடித்ததை எடுங்கள்.

தோற்றால் என்ன ஆகும் என்ற பயமும் தேவையில்லை. நான் ஆடிய பதிப்புகளில் தோற்றாலும் கதை நகர்ந்துகொண்டேதான் இருந்தது. டிராஃப்டில் (என்பிஏ அணிகள் புது ஆட்டக்காரர்களை வரிசையாகத் தேர்ந்தெடுக்கும் நிகழ்ச்சி) சற்றுப் பின்னால் அழைக்கப்படுவீர்கள், அவ்வளவுதான். நிகோலா யோகிச்சை 2014 டிராஃப்டில் 41-வது ஆளாகத்தான் எடுத்தார்கள். அவர் மூன்று முறை எம்விபி (சீசனின் மிகச் சிறந்த ஆட்டக்காரர்) ஆனார், அமெரிக்கக் கல்லூரிப் பக்கமே போனதில்லை. நம் பஞ்சாபின் சத்னாம் சிங்கும் கல்லூரி ஆடாமலேயே 2015-ல் 52-வது இடத்தில் டல்லாஸ் அணிக்குப் போனவர். 2கே20-ல் கதையே நாயகன் கல்லூரி அணியை விட்டு வெளியேறுவதில்தான் தொடங்கும்.

கடைசியாக, செட்டிநாட்டுப் பக்கம் இருந்து யாராவது இதைப் படித்தால் அவர்களுக்கு மட்டும் மூன்று விஷயம். ஒன்று, மைகேரியர் பெரும்பாலும் சர்வரோடு தொடர்பில் இருந்தால்தான் ஓடும், நம் வீட்டுச் சுவர்களோ வைஃபையை விழுங்கிவிடும் தடிமன். ரௌட்டர் இரண்டாம் கட்டில், டிவி முகப்பில் என்றால் நான்காவது நிமிடத்தில் தொடர்பு அறுந்து ஆட்டம் போய்விடும். வளவைச் சுற்றி ஒரு லேன் கேபிள் இழுத்துவிடுங்கள். பெரியவர்கள் முகம் சுளிப்பார்கள், தூண் ஓரமாக இழுத்தால் தெரியாது. மாதாந்திரப் பராமரிப்பு மின்தடை என்றைக்கு என்று பேப்பரில் பார்த்துவிட்டு உட்காருவதும் நல்லது. இரண்டு, டிவியில் கேம் மோட் இருந்தால் போட்டுக்கொள்ளுங்கள். அது இல்லாமல் பட்டனை விடுவதற்கும் திரையில் நடப்பதற்கும் இடையே வரும் தாமதத்தில் ஷாட் டைமிங் முழுக்கக் குலைந்துவிடும். ஆளைக் குறை சொல்லி விசியைக் கொட்டுகிறவர்கள் முதலில் இதைச் சரிபார்க்கலாம். மூன்று, பழைய டிஸ்க் மலிவாகக் கிடைக்கிறதே என்று வாங்குவதற்கு முன் அந்த ஆண்டு ஆட்டத்தின் சர்வர் இன்னும் இருக்கிறதா என்று பாருங்கள். 2கே21-க்கு 2023 டிசம்பர் 31-ஓடு மூடிவிட்டார்கள்.