இது என்ன தவளை? திருகோணமலை மாரிகாலக் கேள்வி பதில்

கே (சாம்பல்தீவு): சேர், கிணத்தடியில கையளவு தேரை ஒண்டு. அவுஸ்திரேலியாவில பெருகின நச்சுத் தேரை இங்கயும் வந்திட்டுது எண்டு வீடியோவில பாத்தன். அடிச்சுப் போடவா?

ப: அடிக்காதேங்கோ தம்பி. உங்கட படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். கண்ணுக்கு மேல் மை தீட்டினதுபோலக் கறுத்த வரம்பு, அதே கறுப்பு உதட்டோரத்திலும். முதுகுப் பருக்களின் நுனியில் கறுப்பு. விரல் நுனிகளும் கறுப்பு. இது எங்கட ஊர்த் தேரை. நீங்கள் வீடியோவில் கண்ட கரும்புத் தேரை நடு, தென் அமெரிக்காவுக்கு உரியது. கரும்பு வண்டைத் தின்னட்டும் என்று 1935இல் ஹவாயிலிருந்து குயின்ஸ்லாந்துக்குக் கொண்டுபோனார்கள். வண்டு குறையவில்லை, தேரைதான் பெருகிற்று. அதன் கண்ணுக்குப் பின்னாலுள்ள நஞ்சுச் சுரப்பி தோள்வரை வீங்கிச் சரிந்திருக்கும். இலங்கையில் அது இல்லை. மாரியில் நீங்கள் காணும் தேரைகள் எல்லாம் இங்கே பிறந்து வளர்ந்தவை. உப்புக் கொட்டவும் வேண்டாம், சுடுதண்ணி ஊத்தவும் வேண்டாம்.

கே (உப்புவெளி): தண்ணித் தாங்கியின்ர உள்பக்கம் சவர்க்கார நுரை மாதிரி ஒட்டியிருக்கு. குளியலறைச் சுவரில மெல்லிசான பழுப்புத் தவளையும் இருக்கு.

ப: நல்ல கேள்வி, அக்கா. அது மரத்தவளை. விரல் நுனியில் வட்டத் தட்டு இருக்கும், தொடையின் பின்பக்கம் மஞ்சள் புள்ளிகள் தெரியும். நுரை அதன் முட்டைக்கூடு. ஒரு கார்த்திகை இரவு எங்கட தாங்கியில் அது கூடு கட்டுவதைப் பக்கத்தில் நின்று பார்த்தேன். பெண் தவளை பின்கால் இரண்டாலும் முட்டை அடிக்கிறதுபோல் கடையக் கடைய நுரை வெள்ளையாகப் பொங்கிற்று. ஆண் முதுகை விட்டு இறங்கவே இல்லை. சில நாளில் வால்பேத்தைகள் நுரை இளகித் தண்ணீருக்குள் விழும். குடிக்கிற தண்ணி என்றால் கூட்டை ஒரு பலா இலையால் மெல்ல வழித்து, மழைத்தண்ணி வாளிக்கு மேலே தொங்கவிடுங்கோ. உப்பு வேண்டாம்.

கே (தம்பலகாமம்): வயல் வரம்பில உருண்டைத் தவளை, முதுகில செங்கல் நிறப் பட்டை. தொட்டா ஊதுது. வெளிநாட்டுச் சாதியோ?

ப: இல்லை. எறும்பும் கறையானும் தின்கிற நம் ஊர்த் தவளை. கோடை முழுக்க மண்ணுக்குள் கிடந்து மழைக்கு வெளியே வரும். தென்கிழக்காசியாவில் இதற்கு ஓர் உறவு உண்டு, அதன் படத்தைப் பார்த்துத்தான் எல்லாரும் குழம்புகிறார்கள்.

கே (நிலாவெளி): பெரிய தேரை, அவுஸ்திரேலியாத் தேரையோ?

ப: சாம்பல்தீவுத் தம்பிக்கு எழுதியதை வாசியுங்கோ.

கே (கிண்ணியா): பச்சைத் தவளை. படம் இல்லை.

ப: படம் இல்லாமல் சொல்ல மாட்டேன். கண், முதுகு, பாதம் மூன்றும் தெரிய எடுங்கோ.

கே (மூதூர்): நாய் தேரையைக் கவ்விட்டுது, வாயில நுரை தள்ளுது!

ப: உடனே வாயின் பக்கவாட்டிலிருந்து தண்ணி ஓடவிட்டு, ஈரத்துணியால் முரசைத் துடையுங்கோ. தண்ணி தொண்டைக்குள் போகக்கூடாது. பிறகு மிருக வைத்தியரிடம் கொண்டுபோங்கோ.

கே (குச்சவெளி): தேரை கூடாது சேர். தேரை மோந்த தேங்காய் உள்ளுக்க வெறுமையாப் போகும்.

ப: இதைத்தான் எதிர்பார்த்தேன். தேரை தென்னை ஏறாது. மகரந்தம் சரியாகச் சேராவிட்டாலும், மண்ணில் பொட்டாசியமோ போரனோ குறைந்தாலும், கோடை நீண்டாலும் பருப்பில்லாத காய் வரும்.

கே (குச்சவெளி): எங்கட அப்பு நாப்பது வருசம் தோட்டம் செய்தவர். அவர் பொய் சொல்லுவாரோ?

ப: அப்பு பொய் சொல்லவில்லை, வெறுங்காயைக் கண்டதை உண்மையாகத்தான் சொன்னார். பழி மட்டும் ஆள் மாறிப் போயிற்று. உங்கட தோட்டத்துக்கு உண்மையில் வெளியிலிருந்து வந்த எதிரி தேரை இல்லை, தென்னஞ் சிற்றுண்ணி, கண்ணுக்குத் தெரியாத அளவு சின்ன உண்ணி. இலங்கையில் 1997இல் கற்பிட்டிப் பக்கம் முதலில் கண்டார்கள். குரும்பட்டியின் தொப்பிக்குக் கீழே பழுப்புத் தழும்பு விழுந்து, காய் சிறுத்துப்போகும்.

கே (குச்சவெளி): தழும்பு இருக்குத்தான். ஆனா தேரையும் மரத்தடியில இருக்கே?

ப: வண்டு பிடிக்கத்தான் வந்து இருக்குது. இரவு டோர்ச் அடித்துப் பாருங்கோ, அண்ணா. குரும்பட்டி ஒன்றைப் பறித்துத் தொப்பியைக் கழற்றி, தழும்பின் படத்தையும் போடுங்கோ.