கேள்வி-பதில்: பின்லாந்துப் போர்ச் சீருடை வாங்குவோருக்கு

கேள்வி: பின்லாந்தும் சோவியத் யூனியனும் மோதிய 1939 குளிர்காலப் போரின் முழுச் சீருடைத் தொகுப்பு, தொப்பி முதல் காலணி வரை, 900 யூரோவுக்கு வருகிறது. வாங்கலாமா? (வாசகர், எஸ்போ)

பதில்: வேண்டாம். 'முழுத் தொகுப்பு' என்று கேட்டாலே எனக்கு எரிச்சல் வருகிறது; அன்று பின்லாந்துப் படையிடமே அது முழுதாக இருக்கவில்லை. 1939 அக்டோபரில் 'கூடுதல் மறுபயிற்சி' என்ற பெயரில் ரிசர்வ் வீரர்களை அழைத்தபோது சாம்பல் நிற எம்/36 (1936-ஆம் ஆண்டு மாதிரி) கம்பளிச் சீருடை எல்லோருக்கும் போதவில்லை. பலருக்குத் துப்பாக்கியோடு ஓர் இடுப்புவாரும், தொப்பியில் குத்திக்கொள்ள நீலமும் வெள்ளையுமான வட்டச் சின்னமும் மட்டுமே கிடைத்தன. நவம்பர் 30 அன்று சோவியத் படை எல்லை தாண்டியபோது அவர்கள் வீட்டிலிருந்து அணிந்து வந்த கோட்டோடும் சொந்தக் காலணியோடும்தான் நின்றார்கள். ஆயுதங்களை வாங்கிக் குவித்துத் துருப்பிடிக்க விடவில்லை என்று அந்த ஆகஸ்டில்தான் பெருமைப்பட்டிருந்த பிரதமர் கயாண்டரின் பெயரை வைத்து, அந்தக் கோலத்தை வீரர்கள் 'கயாண்டர் மாடல்' என்று கேலி செய்தார்கள். எனவே சட்டை, கால்சட்டை, மேலங்கி எல்லாம் ஒரே அளவில், ஒரே சாயத்தில், ஒரே பெட்டியில் வந்தால், அவை பல இடங்களில் பொறுக்கி அண்மையில் சேர்க்கப்பட்டவை என்றே கொள்ளுங்கள். பின்லாந்துப் பாதுகாப்புப் படை தன் போர்க்காலப் புகைப்படங்களில் ஏறத்தாழ 1,60,000 படங்களை 2013-இல் பொதுமக்களுக்குத் திறந்துவிட்டது. அவற்றில் ஒரு மாலைப்பொழுதைச் செலவிட்டால் 900 யூரோ மிச்சமாகும்.

கேள்வி: குளிர்காலப் போரின் கொல்லா போர்முனையில் பின்லாந்தின் புகழ்பெற்ற குறிசுடும் வீரர் சிமோ ஹைஹா அணிந்த வெள்ளைப் பனி உடை என்று சான்றிதழோடு தருகிறார்கள். சான்றிதழை விற்பவரே எழுதியிருக்கிறார். நம்பலாமா?

பதில்: கேள்வியிலேயே பதில் இருக்கிறது.

கேள்வி: '1940-இல் தைத்தது' என்று ஒரு வணிகரிடம் இணையத்தில் எம்/36 சட்டை வாங்கினேன். உள்துணி முத்திரையில் 1952 என்று இருக்கிறது. வாங்கி இருபது நாளாகிறது. பழம்பொருளைத் திரும்பப் பெறுவதில்லை என்கிறார். (மாணவி, தாம்பரே)

பதில்: உங்கள் மீது ஒரு தவறும் இல்லை, முத்திரையைப் படித்துப் பார்த்ததே பலர் செய்யாத வேலை. எம்/36 போருக்குப் பின்னும் நெடுங்காலம் பயன்பாட்டில் இருந்தது. அதைப் போர்க்கால விலைக்குத் தள்ளிவிடுவது பழைய தந்திரம். பின்லாந்துச் சட்டப்படி, காரணம் சொல்லாமல் திருப்பித் தரும் 14 நாள் கடந்துவிட்டாலும், விவரிப்புக்கு மாறான பொருளுக்கு வணிகர் பொறுப்பேற்றே ஆக வேண்டும்; 'பழம்பொருள்' என்ற சொல் அவரைக் காப்பாற்றாது. விளம்பரத்தையும் முத்திரையையும் படமெடுத்து எழுத்துமூலம் முறையிடுங்கள். மறுத்தால் நுகர்வோர் ஆலோசனைச் சேவையையும், அதன்பின் நுகர்வோர் தகராறு வாரியத்தையும் அணுகுங்கள். தனிநபரிடம் வாங்கியிருந்தால் வாரியத்தின் கதவு திறந்திருக்காது என்பதை மற்ற வாசகர்கள் குறித்துக்கொள்ளவும்.

கேள்வி: நான் வாங்கிய பழைய ராணுவக் காலணியின் முனை மேல்நோக்கி வளைந்திருந்தது. செருப்புத் தைப்பவரிடம் கொடுத்து நேராக்கினேன். விலை குறையுமா?

பதில்: குறைந்துவிட்டது. அந்த வளைவு பனிச்சறுக்குக் கட்டையின் வார் நழுவாமல் பிடிப்பதற்காக வைத்தது. வாங்கும் முன் கேட்டிருக்கலாம். தட்டும் முன்னாவது கேட்டிருக்க வேண்டும்.

கேள்வி: தலைக்கவசம் ஜெர்மன் தயாரிப்பு. பின்லாந்து வீரர் அணிந்தது என்பது பொய்தானே?

பதில்: அப்படி முடிவு கட்ட முடியாது. ஜெர்மனி, ஹங்கேரி, இத்தாலி, சுவீடன் என்று கிடைத்த இடத்திலெல்லாம் பின்லாந்து தலைக்கவசம் வாங்கியது. ஆனால் உள்பட்டைத் தோலைத் தூக்கி அடியிலுள்ள சாயத்தைப் பாருங்கள். என் அலமாரியில் உள்ளதில் அங்கே தூரிகை மயிர் ஒன்று சாயத்தோடு ஒட்டிக் கிடக்கிறது. அது பின்னாளில் கையால் பூசிய சாயம் என்று 140 யூரோ கொடுத்தபின்தான் தெரிந்தது.

கேள்வி: லோட்டா ஸ்வார்ட் பெண்கள் அமைப்பின் சின்னத்தில் ஸ்வஸ்திகா இருப்பதால் 'நாஜிப் பொருள்' என்று இரட்டை விலை சொல்கிறார்கள். சரியா?

பதில்: சரியல்ல. ஹிட்லரின் கட்சி 1920-இல் அதை எடுத்துக்கொள்ளும் முன்பே, 1918-இல், சுவீடன் பிரபு எரிக் வான் ரோசன் பின்லாந்துக்கு அளித்த விமானத்தில் நீல ஸ்வஸ்திகா இருந்தது. லோட்டா அமைப்பு 1944-இல் கலைக்கப்பட்டது. சின்னத்துக்குரிய விலையைக் கொடுங்கள். கூட்டிச் சொன்ன கதைக்குக் கொடுக்காதீர்கள்.