இந்தியச் சுற்றுலாத் துறை பொருளாதார ரீதியில் உண்மையிலேயே வளர்ந்திருக்கிறதா?

கேள்வி கேட்டவர் கூடவே ஒரு வரி சேர்த்திருக்கிறார்: "கொரோனாவுக்கு முன்பைவிட அதிகம் சம்பாதிக்கிறோம் என்கிறார்கள். ஆனால் வெளிநாட்டுக்காரர்களை முன்பு மாதிரி பார்க்க முடியவில்லையே?"

இரண்டுமே சரிதான். பணம் மீண்டுவிட்டது, வெளிநாட்டு ஆட்கள் முழுதாக மீளவில்லை. உள்நாட்டுக் கூட்டம் கூடியிருக்கிறது, ஆனால் ஒகேனக்கல் மாதிரி இடங்களில் அந்தக் கூட்டத்தில் பலர் இரவு தங்குவதில்லை. என்னைக் கேட்டால் இந்தக் கடைசி விஷயம்தான் முக்கியம். மற்றவர்கள் பதிலில் அது வரவில்லை என்பதால் எழுதுகிறேன்.

நான் பொருளாதாரம் படித்தவன் இல்லை, பி.காம். ஊர் பென்னாகரம். ஒகேனக்கல்லில் பதினாலு ரூம் இருக்கும் ஒரு லாட்ஜில் கணக்கு எழுதுகிறேன். அப்பா பரிசல் ஓட்டியவர். அம்மா அருவிக்குப் போகும் வழியில் மீன் சமைத்துக் கொடுக்கிறார். சுற்றுலா படுத்தால் எங்கள் வீட்டு வருமானமும் சேர்ந்தே படுக்கும்.

முதலில் வெளிநாட்டுப் பணத்தைப் பார்த்துவிடலாம். 2019-ல் இந்தியாவுக்கு 1 கோடியே 9 லட்சம் வெளிநாட்டுப் பயணிகள் வந்தார்கள். சுற்றுலா மூலம் வந்த அந்நியச் செலாவணி 2,11,661 கோடி ரூபாய். டாலரில் சுமார் 3,000 கோடி. 2023-ல் வந்தவர்கள் 95 லட்சம், வருமானம் 2.31 லட்சம் கோடி ரூபாய். ஆள் குறைந்து பணம் கூடியிருக்கிறது, பரவாயில்லையே என்று தோன்றும். அதையே டாலரில் போட்டால் சுமார் 2,800 கோடிதான் வருகிறது. 2019-ஐவிடக் குறைவு! விஷயம் வேறொன்றுமில்லை. 2019-ல் டாலர் 70 ரூபாய், 2023-ல் 82-க்கு மேல். சாதனை என்று தலைப்புப் போட்டார்களே, அது நம் அருவியும் கோயிலும் செய்த சாதனை இல்லை, ரூபாய் இறங்கியதால் வந்தது.

2024-க்கு இந்தக் குறை சொல்ல முடியாது. சுமார் 2.93 லட்சம் கோடி ரூபாய், டாலரிலும் 3,500 கோடி. அப்போதும் வந்த ஆட்கள் ஒரு கோடியைத் தொடவில்லை. தோராயமாக வகுத்துப் பார்த்தால் 2019-ல் தலைக்கு 2,750 டாலர், 2024-ல் 3,500 டாலர். விலைவாசி ஏறியதைக் கழித்தாலும், வருகிறவர் முன்பைவிடக் கூடுதலாகச் செலவு செய்கிறார் என்றே எடுத்துக்கொள்ளலாம். ஆனால் இந்தச் செலவெல்லாம் ஊர் சுற்றிப் பார்ப்பவர் செய்தது என்று நினைத்துவிடாதீர்கள். வைத்தியத்துக்கும் படிப்புக்கும் வருபவர்கள் செலவழிப்பதும் 'பயணம்' என்ற அதே தலைப்பில்தான் வரவு வைக்கப்படுகிறது. 2019-ல் வந்தவர்களில் ஐந்தில் ஒருவருக்கு மேல் வங்கதேசத்தவர். அவர்களில் பலர் வருவது கொல்கத்தா, சென்னை, வேலூர் ஆஸ்பத்திரிகளுக்கு.

எங்கள் பக்கம் வெளிநாட்டுக்காரர்கள் அபூர்வம். லாட்ஜில் ஒரு வெளிநாட்டவர் தங்கினால் 24 மணி நேரத்துக்குள் பாஸ்போர்ட், விசா விவரத்தை ஆன்லைனில் அரசுக்கு அனுப்ப வேண்டும். இத்தனை வருடத்தில் ஆறேழு தடவைக்கு மேல் அனுப்பிய ஞாபகம் இல்லை. ஒருமுறை ஒரு ஜெர்மன்காரர் வந்தபோது பாஸ்வேர்ட் மறந்துபோய் இரவு பதினொன்று வரை உட்கார்ந்திருந்தேன்.

ஆக, எங்களுக்குச் சோறு போடுவது உள்நாட்டுக் கூட்டம்தான். நாடு முழுக்கவும் அப்படித்தான்: சுற்றுலாவில் புழங்கும் பணத்தில் பெரும்பகுதி நம் ஆட்களின் பையிலிருந்து வருவது. 2019-ல் உள்நாட்டுப் பயணங்கள் 232 கோடி. 2020-ல் 61 கோடிக்கு விழுந்தது. 2023-ல் 250 கோடி. நாட்டின் மக்கள்தொகையே 140 கோடிதானே என்று கேட்பீர்கள். இது ஆள் கணக்கு இல்லை, வருகைக் கணக்கு. ஒரே ஆள் வருடத்தில் பழனிக்கு மூன்று முறை போய்த் தங்கினால் மூன்று வருகை. இதற்கு அடிப்படை, பெரும்பாலும் தங்கும் இடங்களிலிருந்து மாநிலங்கள் திரட்டும் விவரம். அதாவது என் மாதிரி ஆட்கள் வைத்திருக்கும் ரிஜிஸ்டர். அந்த ரிஜிஸ்டரில் யார் வருகிறார்கள், யார் வருவதே இல்லை என்று எனக்குத் தெரியும்.

ஒரு ஞாயிற்றுக்கிழமையை எடுத்துக்கொள்ளுங்கள். விடியற்காலை ஐந்து மணிக்குப் பெங்களூரிலிருந்து ஒரு கார் கிளம்புகிறது. டீசல் அங்கேயே போட்டாயிற்று. ஓசூர் தாண்டி பைபாஸில் ஒரு பெரிய ஓட்டலில் டிபன். அப்புறம் டோல். தர்மபுரி, பென்னாகரம் வழியாகப் பத்து மணிக்கு ஒகேனக்கல். பரிசல், எண்ணெய் மசாஜ், குளியல். குளிக்க ஒரு டவுசர், இரண்டு ஷாம்பு பாக்கெட், ஒரு சீயக்காய். மதியம் மீன். நாலு மணிக்கு ஈரத் துணியைக் கவரில் சுற்றிக்கொண்டு கிளம்பினால் ராத்திரி ஒன்பதுக்குப் பெங்களூரு. வரும்போது தண்ணீர் பாட்டில்கூட அங்கிருந்தே டஜன் கணக்கில் வாங்கிவருகிறார்கள். அன்றைக்குச் செலவான பணத்தில் எங்கள் ஊரில் இறங்கியது பரிசல், மசாஜ், மீன், சமையல் கூலி, அந்த டவுசர், அவ்வளவுதான். லாட்ஜில் பதினாலு சாவியில் பத்து ஆணியிலேயே தொங்கும்.

மீன் விஷயம் வெளியூர்க்காரர்களுக்குப் புரியாது. இங்கே மீன் விற்பது ஒருவர், சமைப்பது இன்னொருவர். கட்லா, ரோகு, வாளை, ஜிலேபி என்று கடையில் பார்த்து நிறுத்து வாங்கி, அதை என் அம்மா மாதிரி ஒருவரிடம் கொடுக்க வேண்டும். மசாலா, எண்ணெய், விறகு, பாத்திரம் எல்லாம் அம்மாவுடையது. கிலோவுக்கு இவ்வளவு என்று கூலி. முப்பது வருடமாக இதே வேலை என்பதால் "ஒந்து கேஜி சாக்கா?" (ஒரு கிலோ போதுமா?) என்று கன்னடத்தில் கேட்கும் அளவுக்குத் தேறிவிட்டார். காரைப் பார்த்தே எவ்வளவு காரம் போட வேண்டும் என்று முடிவு செய்வார். கேஏ என்று தொடங்கும் கர்நாடக நம்பர் என்றால் மிளகாய்த்தூள் அரைக் கரண்டி குறையும்.

ஒருநாள் நான் அம்மாவிடம் கேட்டேன், இத்தனை கூட்டம் வருகிறதே, போன வருஷத்தைவிடக் கையில் கூடுதலாக நிற்கிறதா என்று. "கூட்டம் வந்தா என்னப்பா, ராத்திரி தங்கினாத்தானே மறுநாள் காலையில கொழம்பு கேப்பாங்க" என்றார். தங்குகிறவர் இரண்டு வேளை சாப்பிடுவார், ஆட்டோ எடுப்பார், முதலைப் பண்ணை பார்ப்பார், சாயங்காலம் கடையில் டீ குடிப்பார். பகலோடு திரும்பும் மூன்று பேர் விடும் பணத்தைத் தங்கும் ஒருவர் விட்டுப்போவார். இது நான் ரிஜிஸ்டரையும் அம்மாவின் டப்பாவையும் வைத்துச் சொல்வது, அரசாங்கப் புள்ளிவிவரம் இல்லை.

இன்னொன்று, திறந்திருக்கும் நாட்கள். மலைவாசஸ்தலத்துக்கு சீசன் என்று ஒன்று உண்டு. எங்களுக்கு சீசனைத் தீர்மானிப்பது பிலிகுண்டுலு. கர்நாடகத்திலிருந்து காவிரி தமிழ்நாட்டுக்குள் நுழையும் இடத்தில் மத்திய நீர்வள ஆணையம் வைத்திருக்கும் அளவு நிலையம் அது. வினாடிக்கு இத்தனை ஆயிரம் கன அடி என்று காலையில் செய்தி வரும். கபினியும் கிருஷ்ணராஜ சாகரும் நிரம்பித் திறந்துவிட்டால் இங்கே குளிக்கத் தடை, பரிசலுக்குத் தடை. 2018 ஆகஸ்டிலும் 2022 ஆகஸ்டிலும் வரத்து 2 லட்சம் கன அடியைத் தாண்டியது. ஆடிப்பெருக்குக் கூட்டம் வரும் நேரமும் அதுதான், ஆறு உள்ளே விடாத நேரமும் அதுதான். மழை பொய்த்த வருஷமோ நேர் எதிர்: பாறை தெரியும், பரிசல் தரை தட்டும்.

2022 ஜூலையில் எனக்கு நேர்ந்தது ஒன்று. பெங்களூரிலிருந்து ஒரு ஐ.டி. கம்பெனிக் குழு, 26 பேர், சனிக்கிழமைக்குப் பதினோரு ரூம். ஆன்லைன் தளம் ஒன்றில் புக் செய்திருந்தார்கள். அம்மா பதினைந்து கிலோ மீனுக்குச் சொல்லிவைத்து, வெள்ளிக்கிழமையே மசாலா அரைத்துவிட்டார். இரவோடு இரவாகத் தண்ணீர் ஏறியது. காலையில் தடை. ஒன்பது மணிக்குள் பதினோரு ரூமும் கேன்சல். இயற்கைச் சீற்றம் என்று அந்தத் தளம் அவர்களுக்கு முழுப் பணத்தையும் திருப்பிக் கொடுத்துவிட்டது. எங்களுக்கு ஒரு இமெயில், அதுவும் வருத்தம் தெரிவித்து. தண்ணீர் எங்கள் கையில் இல்லை, அவர்கள் கையிலும் இல்லை, ஆனால் நஷ்டம் மட்டும் ஒரு பக்கம்தான் இறங்கியது. அரைத்த மசாலாவை அந்த வாரம் முழுக்க வீட்டில் கத்தரிக்காய்க்கும் உருளைக்கிழங்குக்கும் போட்டுத் தீர்த்தோம்.

அதே மாதம் 18-ஆம் தேதிதான் ஆயிரம் ரூபாய்க்குக் கீழே இருந்த ரூம்களுக்கும் 12 சதவீத ஜிஎஸ்டி வந்தது. அதுவரை அவற்றுக்கு வரி கிடையாது. எண்ணூறு ரூபாய் ரூமுக்குத் தொண்ணூற்றாறு ரூபாய் வரி சேர்த்தால் வருகிறவர் முகம் மாறும். பாதி நாள் அதை நாங்களே விழுங்கினோம். 2025 செப்டம்பர் 22 முதல் 7,500 ரூபாய் வரையிலான ரூமுக்கு 5 சதவீதம் என்று குறைத்திருக்கிறார்கள். நல்லது. ஆனால் பெயின்ட், ஏசி, மெத்தை வாங்கும்போது நாங்கள் கட்டும் வரியை இனிக் கழித்துக்கொள்ள முடியாது. எங்கள் அளவு லாட்ஜுக்கு இதில் லாபம்தான். புதிதாகக் கட்டுகிறவருக்குக் கை கடிக்கும்.

கொரோனாவைச் சொல்லாமல் இந்தக் கேள்விக்குப் பதில் முடியாது. நாட்டின் மொத்த உற்பத்தியில் சுற்றுலாவின் பங்கு, நேரடியும் மறைமுகமும் சேர்த்து, சுமார் 5 சதவீதமாக இருந்தது. 2020-21-ல் அது ஒன்றரை சதவீத அளவுக்கு விழுந்தது. 2022-23-ல் மறுபடி 5-க்கு வந்துவிட்டது. காகிதத்தில் பார்த்தால் விழுந்து எழுந்த கதை. ஆனால் ஓடாமல் வெயிலில் கவிழ்த்துப் போட்ட பரிசலில் தார் வெடிக்கும், மூங்கில் பிளக்கும். அப்பாவுடையது அப்படித்தான் போயிற்று. 2021 ஜூனில் மத்திய அரசு சுற்றுலாத் துறைக்குக் கடன் திட்டம் அறிவித்தது: பயண நிறுவனங்களுக்கு 10 லட்சம் வரை, அங்கீகாரம் பெற்ற வழிகாட்டிகளுக்கு 1 லட்சம் வரை, அரசே உத்தரவாதம். அப்பா ஆசையாக விசாரிக்கச் சொன்னார். ஆற்றில் எந்தச் சுழல் எங்கே இருக்கிறது என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வார், ஆனால் அவர் 'வழிகாட்டி' இல்லை, பரிசல்காரர். ஊரடங்கு தளர்ந்ததும் பெங்களூருக்குக் கட்டட வேலைக்குப் போனார். 59 வயதில். இப்போது திரும்பிவிட்டார், துடுப்பைத் தொடுவதில்லை. புள்ளிவிவரம் திரும்பி வந்த அளவுக்கு எல்லா ஆட்களும் அவரவர் தொழிலுக்குத் திரும்பவில்லை.

2022-23 கணக்குப்படி சுற்றுலாவால் நேரடியாகவும் மறைமுகமாகவும் 7.6 கோடிப் பேருக்கு வேலை. இந்த எண்ணை நான் சந்தேகப்படவில்லை. ஆனால் அதில் மாதச் சம்பளம் வாங்குபவர் எத்தனை, அம்மா மாதிரி சனி ஞாயிறு மட்டும் அடுப்பு மூட்டுபவர் எத்தனை என்று அந்த ஒரு எண்ணைப் பார்த்துச் சொல்ல முடியாது.

வெளிநாட்டோடு ஒப்பிடச் சொன்னால், தாய்லாந்தை எடுத்துக்கொள்ளுங்கள். மக்கள்தொகை சுமார் ஏழு கோடி, நம் தமிழ்நாட்டைவிடக் குறைவு. 2019-ல் அங்கே போன வெளிநாட்டவர் கிட்டத்தட்ட 4 கோடி. நமக்கு ஒரு கோடிச் சொச்சம். அதே வருடம் இந்தியாவிலிருந்து வெளிநாடு கிளம்பியவர்கள் 2.69 கோடி. இங்கே வந்தவர்களைப் போல இரண்டு மடங்குக்கும் மேல். வேலைக்குப் போனவர்களும் அதில் உண்டு என்றாலும், எங்கள் லாட்ஜுக்கு முன்பு குடும்பத்தோடு வந்து இரண்டு நாள் தங்கிய பெங்களூரு ஆட்களில் சிலர் இப்போது பாங்காக் போட்டோ அனுப்புகிறார்கள். ஊரில் கூட்டம் குறையவில்லை, கூடத்தான் செய்கிறது. ஆனால் தங்கிச் செலவழிக்கும் வசதி உள்ளவர் விமானம் ஏறிவிட, பகலோடு திரும்புபவர் எங்களுக்கு மிஞ்சுகிறார்.

எனவே வளர்ச்சியா என்றால், ஆமாம், வளர்ச்சிதான். ஆனால் யாராவது "250 கோடி வருகை" என்று சொன்னால் அதில் எத்தனை இரவு என்று கேளுங்கள். "சாதனை வருமானம்" என்றால் ரூபாயிலா டாலரிலா என்று கேளுங்கள்.

இதை எழுதும்போது வருகிற சனிக்கிழமைக்கு நாலு ரூம் புக் ஆகியிருக்கிறது, அதில் இரண்டு, இரண்டு ராத்திரிக்கு. அம்மா இப்போதே எத்தனை கிலோ என்று கேட்கிறார். வெள்ளிக்கிழமை பிலிகுண்டுலுவில் என்ன ஓடுகிறது என்று பார்த்துவிட்டுச் சொல்கிறேன் என்றிருக்கிறேன்.