லண்டன் கிச்சனில் சேர வரும் தம்பிக்கு

தம்பி, கேட்டரிங் முடித்துவிட்டு மாணவர் விசாவில் லண்டன் வருவதாகவும், கோர்டன் ராம்சே மாதிரி ஒருவரிடம் சேர்ந்து திட்டு வாங்கியாவது தொழில் கற்றுக்கொள்ள நினைப்பதாகவும் எழுதியிருந்தீர்கள். எந்த ஏரியாவில் வீடு பார்ப்பது, குளிருக்கு என்ன துணி வாங்குவது என்றும் கேட்டிருந்தீர்கள். வீடும் ஸ்வெட்டரும் பெரிய விஷயமில்லை, வந்த ஒரு வாரத்தில் கூட இருப்பவர்களே சொல்லிவிடுவார்கள். அந்த "திட்டு வாங்கியாவது" என்ற வார்த்தைதான் என்னை உட்கார்ந்து எழுத வைத்தது.

2006 செப்டம்பரில் நானும் இதே நினைப்போடுதான் திண்டுக்கல்லிலிருந்து வந்தேன். முதல் வேலை, நம்மவர் ஒருவர் நடத்திய உணவகத்தில் கிச்சன் போர்ட்டர். பாத்திரம் தேய்ப்பது, வெங்காயம் உரிப்பது, ராத்திரி தரை கழுவுவது. அந்த அக்டோபரில் குறைந்தபட்சக் கூலி மணிக்கு 5 பவுண்டு 35 பென்ஸ். எனக்குக் கிடைத்தது 3 பவுண்டு, கவரில் போட்டு, சம்பளச் சீட்டு எதுவும் இல்லாமல். "பத்திரமா இருக்கட்டும்" என்று பாஸ்போர்ட்டையும் வாங்கி வைத்துக்கொண்டார்கள். ஒரு சனிக்கிழமை ராத்திரி தலைமைச் சமையல்காரர் கொதிக்கிற கரண்டியை வீசினார். என் இடது முழங்கைக்குக் கீழே அந்தத் தழும்பு இன்னும் இருக்கிறது. தொழில் என்றால் இப்படித்தான் இருக்கும் போல என்று ஏழு மாதம் பொறுத்துக்கொண்டேன். அந்த ஏழு மாதத்தில் சமையலில் புதிதாக ஒன்றுமே கற்கவில்லை. அடிக்குப் பயந்தவன் அடிக்கிறவன் கையைப் பார்ப்பானே தவிர, அடுப்பில் இருக்கிற சட்டியைப் பார்க்க மாட்டான்.

ராம்சே பெரிய சமையல்காரர், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. 1998இல் செல்சியில் தன் பெயரில் உணவகம் திறந்து, 2001இல் மூன்று மிஷலின் நட்சத்திரம் (உணவகத்தின் தரத்துக்குக் கொடுக்கும் அங்கீகாரம்) வாங்கியவர். ஆனால் டிவியில் அவர் கத்துவதைப் பார்த்துவிட்டு, கத்தினால்தான் செஃப் என்று நம்பிக்கொண்டு வருகிற பையன்களை வருடா வருடம் பார்க்கிறேன். இந்த ஊர்ச் சாப்பாட்டை மாற்றியவர் யார் என்று என்னைக் கேட்டால் ஃபெர்கஸ் ஹெண்டர்சன் என்றுதான் சொல்வேன்.

அவர் கேட்டரிங் படித்தவர் இல்லை, தம்பி. படித்தது கட்டடக்கலை. 1992இல் சோஹோவில் ஒரு பப்பின் மாடியிலிருந்த சின்ன உணவகத்தை மனைவி மார்கோவோடு சேர்ந்து நடத்தினார். 1994இல் ஸ்மித்ஃபீல்ட் இறைச்சிச் சந்தைக்குப் பக்கத்தில், முன்பு பன்றிக்கறி புகைபோட்ட ஒரு பழைய கட்டடத்தில், கூட்டாளிகளோடு செயின்ட் ஜான் உணவகத்தைத் திறந்தார். பன்றி வால், நாக்கு, இதயம், கால், ரத்தம் என்று மற்றவர்கள் கழித்துப் போட்டதையெல்லாம் மெனுவில் எழுதினார். ஒரு உயிரைக் கொன்றபின் மூக்கிலிருந்து வால்வரை சாப்பிடுவதுதான் மரியாதை என்பது அவர் கொள்கை. 1999இல் அதையே புத்தகமாகவும் எழுதினார். 2009இல் மிஷலின் நட்சத்திரம் வந்தது.

எனக்கு அவரிடம் மிகவும் பிடித்தது வேறொன்று. 1998இல், நாற்பது வயதுகூட ஆகாதபோது, பார்க்கின்சன் நோய் என்று சொல்லிவிட்டார்கள். கை, உடம்பு சொன்னபடி கேட்காது. 2005இல் மூளையில் அறுவை சிகிச்சை நடந்தது. ஆனாலும் உணவகம் நின்றுவிடவில்லை. 2003இல் ஸ்பிட்டல்ஃபீல்ட்ஸில் இன்னொன்றையும் திறந்தார்கள். அவரிடம் வேலை பார்த்தவர்கள் லண்டன் முழுக்கத் தனித்தனியாகக் கடை போட்டார்கள். பொறுமையாகச் சொல்லிக்கொடுத்த மனுஷன் என்று அங்கே வேலை பார்த்தவர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். அவர் அடுப்பு முன்னால் நிற்க முடியாதபோதும் அவர் சமையல் நடந்தது என்றால், அது சொல்லிக்கொடுத்ததால்தானே நடந்தது?

அதனால் வேலைக்குச் சேருமுன் கிச்சனைப் பாருங்கள். பாத்திரம் கழுவுகிறவரைப் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார்களா? மாலை சர்வீஸுக்கு முன் எல்லோரும் உட்கார்ந்து சாப்பிடுகிறார்களா? சம்பளச் சீட்டு உண்டா? பாஸ்போர்ட்டை யார் கையிலும் கொடுத்து வைக்காதீர்கள். காலேஜ் நடக்கும் நாட்களில் வாரம் 20 மணி நேரத்துக்கு மேல் வேலை செய்யாதீர்கள், "நம்ம பையன்தானே" என்று யார் சொன்னாலும் சரி. டிப்ஸ் முழுக்க ஊழியர்களுக்கே என்று 2024 அக்டோபரிலிருந்து சட்டமே இருக்கிறது, கேட்டு வாங்குங்கள். செஃப் வேலைக்கு ஸ்பான்சர்ஷிப், அதாவது வேலை விசாவுக்கு முதலாளி தரும் ஆதரவு, வாங்கித் தருகிறேன், இத்தனை லட்சம் கொடு என்று யாராவது சொன்னால் அங்கேயே எழுந்து வந்துவிடுங்கள். 2025 ஜூலையில் விதியை மாற்றிவிட்டார்கள், புதிதாக வருகிறவர்களுக்கு அந்த வழி அடைபட்டுவிட்டது. அது தெரிந்தும் ஊரில் அப்பாவின் நிலப் பத்திரத்தை அடகு வைக்கச் சொல்கிறவர்கள் இருக்கிறார்கள், அவர்களில் நம்மவர்களும் இருக்கிறார்கள். எனக்கு ஆறாத கோபம் இதில்தான்.

இன்னொரு வருத்தமும் உண்டு. இருபது வருடம் இங்கே இருக்கிற நம் ஆட்கள் பலர், வெள்ளைக்காரர் எதிரில் குடல், தலைக்கறி என்ற பேச்சை எடுத்தாலே கூச்சப்படுகிறார்கள். நானும் அப்படி இருந்தேன். 2008இல், என் இரண்டாவது கிச்சனின் செஃப் ஒரு மதியம் என்னைச் செயின்ட் ஜானுக்குக் கூட்டிப்போனார். வெள்ளைச் சுவர், படம் கிடையாது, பாட்டு கிடையாது, கோட் மாட்ட வரிசையாக ஆணிக்கட்டை. தட்டில் அடுப்பில் சுட்ட நல்லி எலும்பு நான்கு, பக்கத்தில் எலுமிச்சை பிழிந்த, கொத்தமல்லி மாதிரி இருக்கும் பார்ஸ்லி இலை, கல்லுப்பு, சுட்ட ரொட்டி. உள்ளே இருப்பதை எடுக்க மெல்லிய கரண்டி ஒன்றும் கொடுத்தார்கள்.

எனக்குக் கரண்டி தேவைப்படவில்லை. ஞாயிற்றுக்கிழமை எங்கள் வீட்டில் அப்பா செய்வதுபோல எலும்பைச் சாய்த்துப் பிடித்து ரொட்டியின்மேல் இரண்டு தட்டு தட்டினேன். மஜ்ஜை முழுசாக வழுக்கி வந்து விழுந்தது. உப்பு தூவி வாயில் வைத்தபோது கண் கலங்கிவிட்டது. செஃப் தன் கரண்டியைக் கீழே வைத்துவிட்டு, இதை எங்கே கற்றாய் என்று கேட்டார். ஈரல், குடல், சுவரொட்டி, ரத்தப் பொரியல் என்று எல்லாவற்றையும் அன்றைக்குத்தான் வாய்விட்டுச் சொன்னேன். குடலை எப்படிக் கழுவுவோம் என்று இரண்டு முறை கேட்டார்.

அடுத்த திங்கட்கிழமை பாத்திரம் கழுவும் இடத்திலிருந்து கறி வெட்டும் மேசைக்கு என்னை மாற்றினார். முதல் நாள் என் முன்னால் வைத்தது ஒரு பெட்டி நிறைய ஆட்டு நாக்கு.