எந்த வருஷத்தோட முடியுதுன்னு பாருங்க: வாசகர் கேள்வி பதில்

கேள்வி: தலைவர்கள் வாழ்க்கை வரலாறுன்னு எதை எடுத்தாலும் பொறந்தார், படிச்சார், போராடினார், ஜெயிலுக்குப் போனார், சிலை வெச்சாங்கன்னு ஒரே டெம்ப்ளேட்டா இருக்கே சார். உருப்படியான புத்தகம்னு எப்படிக் கண்டுபிடிக்கிறது? (கல்லூரி மாணவி ஒருவர்)

பதில்: தலைவர் மோசமா நடந்துக்கிட்ட இடம் ஒண்ணாவது இருக்கான்னு தேடுங்கம்மா. இருந்தா வாங்குங்க.

காந்தியோட சத்திய சோதனையில தென்னாப்பிரிக்காவுல அவர் இருந்த டர்பன் வீட்டுல நடந்த ஒரு சண்டை வரும், 1898 வாக்குல. அவர்கிட்ட வேலை பார்த்த கிளார்க்குங்க சிலர் அந்த வீட்டுலயே தங்கியிருந்தாங்க, ராத்திரிக்கு ரூமுக்கு ரூம் மூத்திரச் சட்டி, காலையில அதைக் காந்தியோ கஸ்தூர்பாவோ எடுத்துக் கழுவணும். புதுசா வந்த ஒரு கிளார்க் தாழ்த்தப்பட்ட சாதியில பொறந்து கிறிஸ்தவரானவர். அவரோட சட்டியை எடுக்க கஸ்தூர்பாவுக்கு மனசு ஒப்பலை, புருஷன் எடுக்கிறதையும் பார்த்துக்கிட்டிருக்க முடியலை, கண்ணெல்லாம் செவந்து அழுதுக்கிட்டே கையில சட்டியோட படியிறங்கி வர்றாங்க. நம்ம ஆளுக்கு அது பத்தலை, சந்தோஷமா செய்யணுமாம்! கத்துறார். உங்க வீட்டை நீங்களே வெச்சுக்குங்க, என்னை விட்டுடுங்கன்னு அவங்க சொன்னதும் கையைப் பிடிச்சு தரதரன்னு கேட் வரைக்கும் இழுத்துட்டுப் போய் வெளிய தள்ளப் பார்க்கிறார். வெக்கமா இல்லையா, நான் போறதுக்கு இந்த ஊர்ல எனக்கு அப்பா அம்மாவா இருக்காங்க? கேட்டை சாத்துங்க முதல்லன்னு அந்தம்மா கேட்கிறாங்க.

இதை எதிரி யாரும் கிளப்பி விடலை. அவரே எழுதி அவரோட நவஜீவன் பத்திரிகையிலயே தொடரா போட்டார், அப்போ கஸ்தூர்பாவும் உயிரோட இருக்காங்க. இந்த மாதிரி ஒரு பக்கம்கூட இல்லாத வரலாறு எத்தனை அழகா அச்சடிச்சிருந்தாலும் மலர் வெளியீட்டுக் கணக்குதான்.

கேள்வி: சுயசரிதையை நம்பலாமா, இல்ல அடுத்தவங்க எழுதினதைத்தான் நம்பணுமா?

பதில்: ரெண்டையும் படிங்க. ஆனா சுயசரிதைன்னா முதல்ல கடைசி அத்தியாயத்தைப் புரட்டி எந்த வருஷத்தோட முடியுதுன்னு பார்த்துடுங்க, பாதி விஷயம் அங்கயே புரிஞ்சிடும். சத்திய சோதனை 1920, 21 பக்கத்துல வந்து நின்னுடும். அதாவது காந்தின்ன உடனே நமக்கு ஞாபகம் வர்ற உப்பு சத்தியாகிரகம் (1930), வெள்ளையனே வெளியேறு (1942) ரெண்டுமே அதுல கிடையாது. 1925ல ஆரம்பிச்சு 1929ல முடிஞ்ச தொடர்ல எப்படி இருக்கும். இது தெரியாம படிச்சுட்டு சுதந்திரப் போராட்டத்தையே காணோமேன்னு புலம்பறவங்களை நிறைய பார்க்கிறேன். சுபாஷ் சந்திர போஸ் 1937ல ஆஸ்திரியாவுல உக்கார்ந்து எழுத ஆரம்பிச்ச சுயசரிதையும் முடியாமலே நின்னுபோச்சு, அவர் ஐசிஎஸ்ங்கிற பிரிட்டிஷ் அரசாங்க உயர் உத்தியோகத்தை உதறின 1921 வரைக்கும்தான் வரும், ஐஎன்ஏ (இந்திய தேசிய ராணுவம்) எல்லாம் வேற இடத்துலதான் தேடணும்.

அடுத்தவங்க எழுதினதுன்னு அட்டையில போட்டிருந்தாலும் உஷார். வியட்நாம் தலைவர் ஹோ சி மின் பத்தி ட்ரான் டான் டியென்ங்கிற பேர்ல வந்த ஒரு வாழ்க்கை வரலாறு உண்டு, தலைவர் எவ்வளவு அடக்கமானவர், தன்னைப் பத்திப் பேசவே மாட்டார்னு உருகி உருகி இருக்கும். அதை ஹோ சி மின்னே எழுதினார்ங்கிறதுதான் ஆய்வாளர்கள் பலரோட முடிவு! நேரு இதுக்கு நேர் எதிர். 1937ல மாடர்ன் ரிவ்யூ பத்திரிகையில சாணக்கியாங்கிற புனைபேர்ல ஒரு கட்டுரை வந்துச்சு, இந்த ஜவஹர்லாலை நம்பாதீங்க, கூட்டம் தலையில தூக்கி வெச்சு ஆடுது, கொஞ்சம் சறுக்கினா சர்வாதிகாரி ஆயிடுவார்னு. எழுதினது நேருவேதான். தன்னைப் பத்தி தானே எழுதினா பொய்தான் வரும்னு சொல்றவங்ககிட்ட இதைக் காட்டுங்க.

கேள்வி: மண்டேலா ஜெயில்ல இருந்தப்பவே சுயசரிதை எழுதினார்னு சொல்றாங்களே, அவ்ளோ காவலுக்கு நடுவுல எப்படி முடிஞ்சுது?

பதில்: முழுக்கதையும் சினிமா மாதிரி இருக்கும். 1975ல அவர் தென்னாப்பிரிக்காவோட ராபன் தீவு ஜெயில்ல இருக்கார், 1978ல வரப்போற 60வது பிறந்தநாளுக்கு உன் கதை புத்தகமா வந்தா வெளிய இருக்கிற இளைஞர்களுக்கு உரமா இருக்கும்னு கூட இருந்த வால்டர் சிசுலுவும் அகமது கத்ராடாவும் சொல்றாங்க. மண்டேலா ராத்திரி பூரா எழுதறது, பகல்ல தூங்கறது. முதல்ல கொஞ்ச நாள் பகல் வேலைக்கும் போய்க்கிட்டிருந்தார், அப்புறம் உடம்பு சரியில்லைன்னு சொல்லி வேலைக்குப் போகாம சமாளிச்சார்.

எழுதின தாள் கத்ராடாகிட்ட போகும், அவர் சிசுலுவுக்குப் படிச்சுக் காட்டி ரெண்டு பேரோட திருத்தத்தையும் ஓரத்துல குறிப்பா எழுதுவார், அப்புறம் அது சக கைதிகளான லாலு சிபாகிட்டயும் மாக் மகராஜ்கிட்டயும் போகும். சிபாதான் இந்தக் கதையில என் ஹீரோ, பத்து பெரிய தாள்ல இருக்கிறதை கண்ணுக்கே தெரியாத பொடி எழுத்துல ஒரே துண்டுச் சீட்டுக்குள்ள அடக்கிடுவாராம். அந்தச் சீட்டுகளை நோட்டுப் புத்தக பைண்டிங்குக்குள்ள ஒளிச்சு 1976ல விடுதலையானப்போ மகராஜ் வெளிய கொண்டு போயிட்டார்.

மாட்டினது ஒரிஜினல்தான். கிட்டத்தட்ட 500 பக்கம், அதைப் பிரிச்சு கோகோ டப்பாக்கள்ல போட்டு ஜெயில் முற்றத்துத் தோட்டத்துல புதைச்சு வெச்சிருந்தாங்க. திடீர்னு ஒரு நாள் பார்த்தா அங்கேயே சுவர் கட்டறதுக்கு ஆளுங்க பள்ளம் தோண்டறாங்க. அவசர அவசரமா தோண்டி எடுத்தும் எல்லாத்தையும் காப்பாத்த முடியலை, மிச்சம் அதிகாரிகள் கையில சிக்கி, மண்டேலா, சிசுலு, கத்ராடா மூணு பேருக்கும் படிக்கிற அனுமதி கட். நாலு வருஷம்! ஜெயில்ல தபால்வழியா பரிட்சைக்குப் படிச்சுக்கிட்டிருந்தவங்களுக்கு இது அடியை விடக் கொடுமை.

இவ்ளோ பாடுபட்டும் 60வது பிறந்தநாளுக்குப் புத்தகம் வரலை. 1990ல வெளிய வந்தப்புறம் அந்தப் பழைய பிரதியை அடிப்படையா வெச்சு மேற்கொண்டு எழுதி, 1994ல அவர் ஜனாதிபதி ஆன வருஷத்துலதான் வந்துச்சு.

கேள்வி: விடுதலை விடுதலைன்னு பேசினவங்க நாற்காலி கிடைச்சதும் மாறிடறாங்களே, அதை எந்தப் புத்தகமாவது சொல்லுதா? (ஓய்வு பெற்ற ஆசிரியர் ஒருவர்)

பதில்: அவங்களே எழுதினதுல எப்படிங்க ஐயா வரும்? கானாவோட க்வாமே நிக்ரூமாவைப் பாருங்க. பிரிட்டிஷ்காரன் அவரை ஜெயில்ல போட்டான், ஜெயில்ல இருந்தபடியே 1951 தேர்தல்ல ஜெயிச்சார், கவர்னர் வெளிய விட்டு அரசாங்கம் அமைக்கக் கூப்பிட வேண்டியதாப் போச்சு. 1957 மார்ச் 6 கானாவுக்கு சுதந்திரம், அதே சமயத்துல அவரோட சுயசரிதையும் வெளியாச்சு. படிச்சா புல்லரிக்கும்.

அடுத்த வருஷமே, 1958ல, விசாரணையே இல்லாம அஞ்சு வருஷம் வரைக்கும் உள்ள வைக்கலாம்னு ஒரு சட்டம் கொண்டு வர்றார். லண்டன்ல இருந்த நிக்ரூமாவை 1947ல நாட்டுக்குக் கூப்பிட்ட கட்சியோட முக்கியத் தலைவர் ஜே.பி. டான்குவா, அந்தச் சட்டத்துல உள்ள போய் 1965ல காவல்லயே செத்தார். 1964ல ஒரே கட்சி ஆட்சி, 1966ல நிக்ரூமா வெளிநாட்டுப் பயணத்துல இருக்கும்போது ராணுவம் கவுத்துடுச்சு. சுயசரிதையில இதுல ஒரு வரி கிடையாது, ஏன்னா அது 1957ல முடிஞ்சுபோச்சு. அதுக்காக அதைத் தூக்கிப் போடச் சொல்லலை, காலனி ஆட்சியில ஒரு கட்சியை எப்படிக் கட்டினாங்கன்னு தெரிஞ்சுக்க அதை விட நல்ல புத்தகம் கம்மி. பக்கத்துலயே 1957க்கு அப்புறம் நடந்ததை வேற யாராவது எழுதினதையும் வெச்சுக்குங்க, அவ்ளோதான்.

அமெரிக்காவோட தாமஸ் ஜெஃபர்சன் கேஸ் இன்னும் சங்கடம். எல்லா மனுஷனும் சமம்னு 1776ல எழுதின அதே ஆள் வாழ்நாள்ல 600 பேருக்கும் மேல அடிமைகளா வெச்சிருந்தார். கல்லறையில என்ன எழுதணும்னு அவரே குறிச்சு வெச்சதுல சுதந்திரப் பிரகடனம் இருக்கு, மதச் சுதந்திரச் சட்டம் இருக்கு, வர்ஜினியா பல்கலைக்கழகம் இருக்கு, ரெண்டு தடவை ஜனாதிபதியா இருந்தது இல்லை, அந்த அடிமைகளும் இல்லை.

கேள்வி: உலகத்துலயே சுருக்கமான சுயசரிதை யாரோடது?

பதில்: லிங்கன்னு சொல்லலாம். 1859ல ஒரு நண்பர் கேட்டதுக்கு ரெண்டு மூணு பக்கத்துல எழுதி அனுப்பிட்டு, இதுல பெருசா ஒண்ணும் இல்லை, ஏன்னா என்கிட்டயே பெருசா ஒண்ணும் இல்லைன்னு ஒரு வரி வேற சேர்த்தார். அடுத்த வருஷம் ஜனாதிபதித் தேர்தல்ல ஜெயிச்சார்!

கேள்வி: தமிழ்ல எழுதின தலைவர்கள் யாரையுமே சொல்ல மாட்டேங்கறீங்களே?

பதில்: கோவிச்சுக்காதீங்க. வ.உ.சி. எழுதியிருக்கார், அதுவும் செய்யுள்ல, அகவல்பாவா. பரலி சு. நெல்லையப்பர் கேட்டுக்கிட்டதுக்காக எழுதினது, அச்சாகி வந்தது 1946ல, அவர் 1936லயே போயிட்டார். செய்யுள்ன்னு பயந்துடாதீங்க, கம்பராமாயணம் மாதிரி உரை வெச்சுக்கிட்டுப் படிக்கிற அளவுக்கெல்லாம் இல்லை, சத்தமா வாசிச்சா ஓடும்.

1906ல சுதேசிக் கப்பல் கம்பெனி, 1908ல ரெட்டை ஆயுள் தண்டனை, மொத்தம் 40 வருஷம், அப்பீல்ல குறைஞ்சு 1912 கடைசியில விடுதலை. செக்கிழுத்தது நம்ம எல்லாருக்கும் தெரியும், அதுக்கு மேல யாரும் போறதில்லை. வெளிய வந்தப்போ கப்பலும் இல்லை, கம்பெனியும் இல்லை, வக்கீல் சன்னதும் (தொழில் பண்ற உரிமம்) பறிபோயிருந்துச்சு. அந்தச் சன்னதைத் திரும்ப வாங்கிக் கொடுக்க உதவினவர் வாலஸ்ங்கிற வெள்ளைக்கார நீதிபதி, அந்த நன்றிக்கு வ.உ.சி. தன் பையனுக்கு வாலேஸ்வரன்னு பேர் வெச்சார். வெள்ளைக்காரனோட கப்பலுக்கே போட்டியா கப்பல் விட்ட மனுஷன்! செக்குப் படத்தோட நிறுத்திக்கிற பாடப்புத்தகம் எதுலயும் இதைப் போட மாட்டாங்க, 1912க்கு அப்புறம் அவர் வாழ்ந்த 24 வருஷத்தையும் விடாம சொல்ற வரலாறா பார்த்து வாங்குங்க.