பதினாலு டீமுக்கு பந்து போட்டவரு

கேள்வி: பேஸ்பால்ல ஒரே ஆளு 14 டீமுக்கு ஆடினாராமே, நெசமாவா சார்? அப்டின்னா ஆளு சுமார்தானே?

பதில்: நெசம்தாங்க, எட்வின் ஜாக்சன். 2003ல லாஸ் ஏஞ்சலீஸ் டீம் டாட்ஜர்ஸுக்கு முதல் மேட்ச், அன்னிக்குதான் அவருக்கு 20 வயசு முடியுது, எதிர் டீம்ல பந்து போட வந்தது அப்பவே பெரிய பேரு வாங்கின ராண்டி ஜான்சன், ஆனா ஜெயிச்சது இந்தப் பொடியன். 2019ல டொரான்டோவுக்கு ஆடினப்ப 14வது டீம், மேஜர் லீக்ல, அதாவது அமெரிக்காவோட உச்ச பேஸ்பால் லீக்ல, இதான் ரெக்கார்டு. 2011 ஜூலையில ஒரே நாள்ல ரெண்டு தடவ கைமாத்தினாங்க, சிகாகோலேருந்து டொரான்டோ, பேப்பர்ல மை காயறதுக்குள்ள செயின்ட் லூயிஸ், அந்த வருஷம் அந்த டீம்தான் லீக்கோட ஃபைனலான வேர்ல்டு சீரிஸ் கப்பு தூக்குச்சு!

சுமாரான்னு கேட்டா, ஆமா, ஜெயிச்சதவிட தோத்தது ஜாஸ்தி. ஆனா பந்துல வேகம் இருக்கே, அதான் ஒருத்தர் விட்டா இன்னொருத்தர் கூப்ட்டுட்டே இருந்தாங்க. 2010 ஜூன் 25, அரிசோனாவுக்காக தன்னோட பழைய டீம் டாம்பா பேய்க்கு எதிரா ஒரு ஹிட்டு கூட (பந்த அடிச்சு பேஸுக்கு, அதாவது ரன்னுக்காக ஓடித் தொடற இடத்துக்கு, போறது) குடுக்காம மேட்ச முடிச்சாரு. கூத்து என்னன்னா 8 பேர அவரே தாறுமாறா போட்டு சும்மா முதல் பேஸுக்கு அனுப்பிட்டாரு, மூணாவது இன்னிங்ஸ்ல மூணு பேஸ்லயும் எதிர் டீம் ஆளு நிக்கிறாங்க, ஒரு அவுட்டும் இல்ல, அப்பவும் ஒரு ரன் விடல. மொத்தம் 149 பந்து, ஸ்கோர் 1-0.